ஆட்டம் கண்ட ஆட்சி, எழும்பிய நகரம்: சிங்கப்பூர் 1961

சிங்கப்பூரின் கதையைச் சொல்ல வருபவர்கள் பெரும்பாலும் 1965 ஆகஸ்ட் 9இல்தான் தொடங்குகிறார்கள். மலேசியாவிலிருந்து பிரிந்த அன்று தொலைக்காட்சியில் பிரதமர் லீ குவான் யூ கண் கலங்கியதும், இயற்கை வளம் எதுவுமில்லாத சிறு தீவு தனித்து விடப்பட்டதும் அந்தக் கதையின் முதல் காட்சியாகிவிட்டன. அந்த நாளின் கனத்தை நான் மறுக்கவில்லை. ஆனால், சிங்கப்பூரர்கள் குடியிருக்கும் வீடு, அவர்களின் திருமணத்தை ஆளும் சட்டம், அவர்கள் வேலைக்குப் போகும் தொழிற்பேட்டை, அவர்களை மலேசியாவுக்குள் கொண்டுபோய்ப் பின் வெளியே விட்ட இணைப்பு முயற்சி ஆகிய நான்கும் உருப்பெற்றதோ வேகம் பிடித்ததோ எப்போது என்று தேடிப் போனால், நான்கு தடங்களும் 1961இல் வந்து சேர்கின்றன. அதே ஆண்டில்தான் அந்நாட்டை ஆண்ட கட்சியின் காலடி மண் சரிந்துகொண்டிருந்தது. இவ்விரண்டும் ஒன்றாக நிகழ்ந்தது தற்செயல் அல்ல என்பதே இக்கட்டுரையின் வாதம்.

முதலில் அன்றைய நிலையைப் பார்ப்போம். 1959இல் சிங்கப்பூருக்கு உள்நாட்டுத் தன்னாட்சி கிடைத்திருந்தது. தற்காப்பும் வெளியுறவும் பிரிட்டன் கையிலேயே இருந்தன. உள்நாட்டுப் பாதுகாப்பைக் கவனித்த மன்றத்தில் பிரிட்டனுக்கு மூன்று இடங்கள், சிங்கப்பூருக்கு மூன்று, அண்டை நாடான மலாயாவுக்கு ஒன்று. சமநிலை வந்தால் மலாயாவின் ஒற்றை வாக்கே முடிவு செய்யும். 1957 மக்கள்தொகைக் கணக்கெடுப்பின்படி ஏறத்தாழ 14.5 லட்சம் பேர் வாழ்ந்த அந்தத் தீவில், பிறப்பு விகிதம் அதிகம், வேலை குறைவு, வீடு அதைவிடக் குறைவு. 1959 தேர்தலில் மொத்தம் 51 இடங்களில் 43ஐ மக்கள் செயல் கட்சி வென்றது. கட்சிக்குள் இரண்டு அணிகள் இருந்தன. ஆங்கிலக் கல்வி கற்ற லீ குவான் யூ, கோ கெங் சுவீ, டோ சின் சை, யாழ்ப்பாணத்தில் பிறந்த சி. ராஜரத்தினம் முதலியோர் ஓரணி. சீனப் பள்ளிகளிலும் தொழிற்சங்கங்களிலும் செல்வாக்குப் பெற்றிருந்த லிம் சின் சியோங், ஃபோங் சுவீ சுவான் முதலியோர் மற்றோர் அணி. ஆட்சிப் பொறுப்பு முதல் அணியிடம் இருந்தது. தெருவில் கூட்டம் சேர்க்கும் ஆற்றல் இரண்டாம் அணியிடம் இருந்தது.

முதல் அடி இவ்விரு அணிகளுக்கும் வெளியே இருந்து விழுந்தது. நகர மேயராக இருந்து தேசிய வளர்ச்சி அமைச்சரான ஓங் எங் குவான், 1960இல் கட்சித் தலைமையை எதிர்த்து வெளியேற்றப்பட்டார். தம் சட்டமன்ற இடத்தைத் துறந்து, அதே ஹோங் லிம் தொகுதியில் மீண்டும் நின்றார். ஹோக்கியன் என்னும் சீன மொழியில் மக்களை ஈர்க்கும் பேச்சாளர் அவர். 1961 ஏப்ரல் 29இல் நடந்த இடைத்தேர்தலில் அவருக்கு 7,747 வாக்குகள். ஆளுங்கட்சி வேட்பாளர் ஜெக் யூன் தோங்குக்கு 2,820. சைனாடவுனின் நெரிசலான கடைவீடுகளில், ஓர் அறைக்குள் பல குடும்பங்கள் தட்டி மறைத்து வாழ்ந்த வட்டாரம் அது. வீட்டுக்கும் வேலைக்கும் காத்திருந்த அந்த மக்கள், இரண்டாண்டுக்கு முன் தாங்களே கொண்டுவந்த ஆட்சிக்கு இவ்வளவு பெரிய வித்தியாசத்தில் முதுகைக் காட்டியது சிங்கப்பூரில் மட்டுமின்றிக் கோலாலம்பூரிலும் கவனிக்கப்பட்டது.

பிறகு மே மாதம் வந்தது. அம்மாதத்தின் கடைசி வாரத்தில் நான்கு நாள்களுக்குள் மூன்று நிகழ்ச்சிகள் நடந்தன.

மே 24ஆம் நாள் சட்டமன்றம் மாதர் சாசனத்தை நிறைவேற்றியது. அதுவரை சிங்கப்பூரில் முஸ்லிம் அல்லாத ஆண் ஒருவன் தன் சமூக வழக்கத்தின் பெயரால் ஒன்றுக்கு மேற்பட்ட மனைவியரைக் கொள்ளத் தடையில்லை. செல்வந்தர் ஒருவரின் சொத்துக்காகப் பல பெண்கள் உரிமை கோரிய, ‘ஆறு விதவைகள் வழக்கு’ என்று பெயர் பெற்ற 1908ஆம் ஆண்டு வழக்கில், சீனரின் துணை மனைவியரையும் நீதிமன்றம் ஏற்றுக்கொண்டிருந்தது. இந்து ஆண்களுக்கும் இதே நிலைதான். இந்தியாவில் 1955ஆம் ஆண்டின் இந்து திருமணச் சட்டம் இரண்டாம் தாரத்தைத் தடை செய்த பிறகும், சிங்கப்பூரில் வாழ்ந்த இந்துவுக்கு அந்தத் தடை உள்ளூர்ச் சட்டமாக இல்லை. மாதர் சாசனம் இந்த வழியை அடைத்தது. ஒருவனுக்கு ஒருத்தி என்பதைச் சட்டமாக்கியதோடு நிற்காமல், திருமணங்களைப் பதிவு செய்யும் முறையைக் கொண்டுவந்தது. மனைவி தன் பெயரில் தொழில் செய்யவும் சொத்து வைத்துக்கொள்ளவும் உரிமை தந்தது. குடும்பத்தை நடத்துவதில் கணவனுக்கும் மனைவிக்கும் சம உரிமை என்று எழுதி வைத்தது. முஸ்லிம் திருமணங்களுக்கு ஏற்கெனவே தனிச் சட்டமும் 1958இல் அமைந்த ஷரியா நீதிமன்றமும் இருந்தமையால், அவை இந்த ஏற்பாட்டுக்கு வெளியே வைக்கப்பட்டன.

இச்சட்டத்தை ஆண்களின் பெருந்தன்மைக்கு உரியதாக எழுதுவது சரியல்ல. 1952இல் தோன்றிய சிங்கப்பூர் மாதர் மன்றமும், அதில் முன்னின்ற ஷிரின் ஃபோஸ்தாரும் ஆண்டுக் கணக்கில் இதற்காகக் கதவு தட்டினார்கள். மக்கள் செயல் கட்சியின் மகளிர் அணியில் சான் சோய் சியோங் இதைக் கட்சியின் 1959 தேர்தல் அறிக்கைக்குள் கொண்டுபோய்ச் சேர்க்கப் பாடுபட்டார். அந்தத் தேர்தலில்தான் சிங்கப்பூரில் வாக்களிப்பது முதன்முதலாகக் கட்டாயமாக்கப்பட்டது. அதாவது, அதுவரை வீட்டோடு இருந்த பெண்களும் வாக்குச்சாவடிக்கு வந்தாக வேண்டும். பெண்களின் கோரிக்கையைத் தட்டிக்கழிக்க முடியாத கணக்கு அப்போது பிறந்தது. அறமும் அரசியல் தேவையும் ஒரே திசையில் போன அரிய தருணம் அது.

அதற்கு அடுத்த நாள், மே 25, ஹஜ்ஜுப் பெருநாள் விடுமுறை. பிற்பகல் மூன்றரை மணி அளவில் கம்போங் டியோங் பாருவில் பற்றிய தீ, காற்றின் வேகத்தில் பக்கத்திலிருந்த புக்கிட் ஹோ சுவீக்குத் தாவியது. அங்கிருந்த வீடுகள் பெரும்பாலும் பலகைச் சுவரும் அத்தாப்பு ஓலைக் கூரையும் கொண்டவை, ஒன்றையொன்று ஒட்டியவை. இடையே இருந்த ஒற்றையடிச் சந்துகளில் தீயணைப்பு வண்டி நுழைய வழியில்லை. ஓலை எரியும்போது நெருப்புத் துணுக்குகள் காற்றில் எழும்பி, இன்னும் தீ நெருங்காத கூரைகளின் மேல் போய் விழும். ஆகவே தீக்கு முன்னால் ஓடியவர்களுக்கு, எந்தப் பக்கம் ஓடுவது என்பதே தெரியாத நிலை. கையில் அகப்பட்டதை எடுத்துக்கொண்டு ஓடியவர்கள், இரவில் திரும்பிப் பார்த்தபோது, குடியிருப்பு இருந்த இடத்தில் சாம்பல்தான் இருந்தது. நான்கு பேர் இறந்தனர். 2,800க்கும் மேற்பட்ட வீடுகள் அழிந்தன. ஏறத்தாழ 16,000 பேர் வீடிழந்தனர். அன்றைய மக்கள்தொகையில் இது நூற்றுக்கு ஒருவர் என்ற அளவு.

பள்ளிக்கூடங்களில் தங்க வைக்கப்பட்ட அந்த மக்களிடம், ஓராண்டுக்குள் அனைவருக்கும் வீடு என்று அரசு வாக்களித்தது. 1960 பிப்ரவரி 1இல் தொடங்கப்பட்ட வீடமைப்பு வளர்ச்சிக் கழகத்துக்கு அப்போது பதினைந்து மாத வயதுதான். அதற்கு முன் இருந்த சிங்கப்பூர் இம்ப்ரூவ்மென்ட் டிரஸ்ட் 32 ஆண்டுகளில் சுமார் 23,000 வீடுகளே கட்டியிருந்தது. கழகத்தின் தலைவர் லிம் கிம் சான் அரசியல்வாதியாகவோ கட்டடக் கலைஞராகவோ வந்தவர் அல்ல, வணிகர். வீடு அழகாக இருக்கிறதா என்பதைவிட, எத்தனை வீடு, எவ்வளவு சீக்கிரம், என்ன செலவில் என்ற கேள்விகளையே கழகம் முன்வைத்தது. தீயில் வீடிழந்த குடும்பங்களில் ஒரு பகுதியினர் குவீன்ஸ்டவுன் போன்ற இடங்களில் ஏற்கெனவே தயாராக இருந்த வீடுகளுக்கு அனுப்பப்பட்டனர். தீ எரித்த நிலத்தை அரசு கையகப்படுத்தி, அங்கேயே அடுக்குமாடிகளை எழுப்பத் தொடங்கியது. ஒன்பது மாதங்களில், 1962 பிப்ரவரிக்குள், முதல் 768 வீடுகள் அங்கே தயாராயின. முதல் ஐந்தாண்டில் கழகம் கட்டியவை 50,000க்கும் அதிகம்.

தீயை மூட்டியதே அரசுதான் என்ற வதந்தி அப்போதே கிளம்பியது. இன்றும் பழைய குடியிருப்பாளர்கள் சிலரின் நினைவில் அது தங்கியிருக்கிறது. அதற்குச் சான்று எதுவும் வெளிப்படவில்லை. அந்தப் பகுதியில் 1934இலும் 1959இலும்கூடப் பெருந்தீ பரவியிருக்கிறது என்பதை நினைத்தால், ஓலையும் பலகையும் விறகடுப்பும் நெருக்கமும் சேர்ந்த இடத்தில் தீக்குச் சதிகாரன் தேவையில்லை என்றே சொல்ல வேண்டும். ஆனாலும் அந்த வதந்தி ஏன் நம்பப்பட்டது என்பது முக்கியமானது. கம்பத்து (கம்போங் எனப்படும் குடிசைக் குடியிருப்பு) மக்கள் கண்ணுக்கு அரசு என்பது வீட்டை இடிக்க வரும் அதிகாரியின் உருவில்தான் அதுவரை வந்திருந்தது. குடிசைகளை அகற்ற வந்தவர்களை எதிர்த்துப் பழகிய குடியிருப்புகள் அவை. ஊர்ச் சங்கங்களிலும் இடதுசாரிகளுக்குச் செல்வாக்கு இருந்தது. பேச்சுவார்த்தையால் பல ஆண்டுகளிலும் காலி செய்ய முடியாதிருந்த நிலம் ஒரே மாலையில் காலியாகிவிட்டது. அரசு அந்த வாய்ப்பைத் தவறவிடவில்லை.

மே 27ஆம் நாள், அடெல்ஃபி ஹோட்டலில் வெளிநாட்டுச் செய்தியாளர்களின் மதிய விருந்தில் மலாயாப் பிரதமர் துங்கு அப்துல் ரகுமான் பேசினார். மலாயா, சிங்கப்பூர், வட போர்னியோ, புருணை, சரவாக் ஆகியவை அரசியலிலும் பொருளியலிலும் நெருங்கி வர வேண்டும் என்ற கருத்தை அவர் அங்கே வெளியிட்டார். அதுவரை சிங்கப்பூரைச் சேர்த்துக்கொள்ள மறுத்து வந்தவர் அவர். நான்கில் மூவர் சீனராக இருந்த தீவைச் சேர்த்தால், கூட்டமைப்பின் இன விகிதமே மாறிவிடும் என்ற தயக்கம் அவருக்கு இருந்தது. ஹோங் லிம் முடிவு அந்தத் தயக்கத்தைவிடப் பெரிய அச்சத்தை அவருக்குள் உண்டாக்கியது. லீ குவான் யூவின் ஆட்சி விழுந்து இடதுசாரிகள் அமர்ந்தால், ஜொகூர் பாலத்துக்கு அப்பால் இன்னொரு கியூபா உருவாகும் என்பதே அந்த அச்சம். போர்னியோப் பகுதிகளையும் சேர்த்துக்கொண்டால் சீனர் எண்ணிக்கை சமன்படும் என்பது அவருடைய கணக்கு.

துங்குவின் பேச்சு மக்கள் செயல் கட்சியின் இரண்டு அணிகளையும் ஒட்டியிருந்த கடைசி நூலை அறுத்தது. இணைப்பு நடந்தால் உள்நாட்டுப் பாதுகாப்பு கம்யூனிச எதிர்ப்பில் உறுதியான கோலாலம்பூரின் கைக்குப் போகும்; அதன் பொருள் என்ன என்பது சிறை கண்ட தொழிற்சங்கத் தலைவர்களுக்குத் தெரியாதா? ஜூன் தொடக்கத்தில் லிம் சின் சியோங், ஃபோங் சுவீ சுவான், உட்ஹல், ஜமித் சிங், டொமினிக் புதுச்சேரி, பானி ஆகிய ஆறு தொழிற்சங்கத் தலைவர்கள், உள்நாட்டுப் பாதுகாப்பு மன்றத்தை ஒழிக்க வேண்டும் என்ற கோரிக்கையை முன்னிறுத்தி அறிக்கை விட்டனர். சட்டமன்ற உறுப்பினர் ஒருவர் காலமானதால் ஜூலை 15இல் ஆன்சன் தொகுதியில் நடந்த இடைத்தேர்தலில், அவர்கள் ஆதரவைத் திரும்பப் பெற்றனர். முன்னாள் முதலமைச்சரும் தொழிலாளர் கட்சித் தலைவருமான டேவிட் மார்ஷல் 3,598 வாக்குகள் பெற்றார். ஆளுங்கட்சியின் மஹ்மூத் அவாங் 3,052. வெறும் 546 வாக்குகளில் ஒரு தொகுதி போயிற்று. ஆனால் மூன்று மாதங்களுக்குள் அது இரண்டாவது தோல்வி.

ஜூலை 18இல் லிம் சின் சியோங்கும் தோழர்களும் பிரிட்டிஷ் ஆணையர் செல்கர்க் பிரபுவின் இல்லமான ஈடன் ஹாலுக்குச் சென்று, லீ ஆட்சி கவிழ்ந்தால் பிரிட்டன் அரசமைப்பை முடக்குமா என்று கேட்டனர். அரசமைப்பின்படி நடந்தால் தடையிராது என்ற பொருளில் அவர்களுக்குப் பதில் கிடைத்தது. இந்தச் சந்திப்பைப் பிரிட்டிஷாரின் சதி என்று லீ பகிரங்கமாகச் சாடினார். பிறகு தம் ஆட்சியின் மீது தாமே நம்பிக்கைத் தீர்மானம் கொண்டுவந்தார்.

இரவெல்லாம் நீண்ட அந்த விவாதம் ஜூலை 21ஆம் நாள் விடியுமுன்தான் வாக்கெடுப்புக்கு வந்தது. சிக்லாப் தொகுதி உறுப்பினர் சஹோரா அகமது அப்போது உடல்நலமின்றி மருத்துவமனையில் இருந்தார். ஆம்புலன்ஸ் வண்டியில் ஏற்றி, தூக்குப் படுக்கையில் அவரைச் சட்டமன்றக் கட்டடத்துக்குக் கொண்டுவந்தார்கள். அவர் ஆட்சிக்கு ஆதரவாக வாக்களித்தார். ஆதரவு 27, எதிர்ப்பு 8, நடுநிலை 16. எண்ணிக்கையை மேலோட்டமாகப் பார்த்தால் வசதியான வெற்றி போலத் தோன்றும். ஆனால் நடுநிலை வகித்தவர்களில் 13 பேர் அதே கட்சியினர். 51 பேர் அவையில் தன் கட்சியின் பலத்தால் மட்டும் பெரும்பான்மை காட்ட 26 பேர் வேண்டும். மக்கள் செயல் கட்சியிடம் மிஞ்சியவர்கள் சரியாக 26 பேர். அந்த இருபத்தாறில் ஒருவர், படுக்கையிலிருந்து வந்த அந்தப் பெண்மணி. மாதர் சாசனத்தை நிறைவேற்றி இரண்டு மாதங்கள்கூட ஆகாத அவையில், ஆட்சியின் உயிர் ஒரு மலாய்ப் பெண் உறுப்பினரின் வாக்கில் தொங்கியது. இந்த நிகழ்ச்சி சிங்கப்பூர் வரலாற்றில் இன்னும் பெரிய எழுத்தில் எழுதப்பட வேண்டும் என்பது என் எண்ணம்.

நடுநிலை வகித்தவர்கள் கட்சியிலிருந்து நீக்கப்பட்டனர். அவர்கள் தொடங்கிய பாரிசான் சோசலிஸ் கட்சிக்கு லீ சியூ சோ தலைவர், லிம் சின் சியோங் தலைமைச் செயலாளர். மக்கள் செயல் கட்சியின் 51 கிளைகளில் 35இன் செயற்குழுக்கள் விலகின. சம்பளம் பெற்ற 23 அமைப்புச் செயலாளர்களில் 19 பேர் போய்விட்டனர். கட்சி அலுவலகங்களைத் திறந்து கூட்டிப் பெருக்கவே ஆள் இல்லாத நிலை. லிம் சின் சியோங் கம்யூனிஸ்டா என்ற கேள்விக்கு வரலாற்றாசிரியர்கள் இன்றும் ஒரே பதில் சொல்லவில்லை. தாம் அப்படியல்ல என்றே அவர் சொன்னார். அவர் கூட்டத்தை ஈர்க்கும் தலைவர் என்பதிலும், நேர்மையான தேர்தல் ஒன்று அந்த மாதமே நடந்திருந்தால் ஆட்சி மாறியிருக்கக்கூடும் என்பதிலும் பெரிய கருத்து வேறுபாடு இல்லை.

தொண்டர்படை போய்விட்டது, அரசு இயந்திரம் மட்டும் கையில் இருக்கிறது. அப்படிப்பட்ட ஆட்சி என்ன செய்யும்? அரசு இயந்திரத்தையே தொண்டர்படையாக்கும். 1961இன் பிற்பாதியை இந்தக் கோணத்திலிருந்து படித்தால், தனித்தனியாகத் தோன்றும் பல செயல்கள் ஒரே கோட்டில் வந்து நிற்கின்றன. கட்சிக் கிளைகள் வீடுவீடாகச் சொல்ல வேண்டியதை வானொலி சொன்னது. செப்டம்பர் 13 முதல் அக்டோபர் 9 வரை லீ குவான் யூ 12 உரைகளை ஆற்றினார். ஒவ்வொன்றையும் ஆங்கிலம், மலாய், மாண்டரின் மூன்றிலும் அவரே பேசினார். இணைப்பு ஏன் வேண்டும், கட்சிக்குள் நடந்தது என்ன என்பதை, தம் பக்கத்துக் கதையாக, அவர் தொடர்ச்சியாகச் சொல்லிச் சென்றார். காப்பிக்கடைகளில் மக்கள் வானொலியைச் சுற்றி நின்று கேட்ட காலம் அது. அந்தத் தொடர் தொடங்கிய மூன்றாம் நாள், செப்டம்பர் 15இல், மாதர் சாசனம் நடப்புக்கு வந்தது. செப்டம்பர் 17இல் பாரிசான் தன் தொடக்க விழாவை நடத்தியது.

அதே போல, வேலை தருவதும் அரசின் கடமையாயிற்று. டச்சுப் பொருளியல் அறிஞர் ஆல்பர்ட் வின்செமியஸ் தலைமையில் ஐக்கிய நாடுகள் குழு 1960இல் வந்து ஆராய்ந்து, 1961 ஜூனில் அறிக்கை தந்தது. தொழில்மயமாதலுக்கான திட்டம் அதில் இருந்தது. அதோடு, சிங்கப்பூரில் பிரிட்டிஷ் குடியேற்றத்தை நிறுவிய ராஃபிள்ஸின் சிலையை அகற்ற வேண்டாம் என்ற அறிவுரையையும் வின்செமியஸ் கூறினார். சிலையை விட்டுவைப்பது, அயல்நாட்டு முதலீட்டாளர்களுக்கு இங்கே எதுவும் பறிக்கப்படாது என்று காட்டும் அடையாளமாகும் என்பது அவர் கருத்து. ஆகஸ்ட் 1இல், நம்பிக்கை வாக்கெடுப்பு முடிந்து இரண்டு வாரம் ஆகுமுன், பொருளியல் வளர்ச்சிக் கழகம் 10 கோடி வெள்ளி (டாலர்) முதலுடன் தொடங்கப்பட்டது. ஹோன் சுவீ சென் அதன் முதல் தலைவர். நிதியமைச்சர் கோ கெங் சுவீ தீவின் மேற்குக் கோடியில் ஜூரோங்கின் சதுப்பு நிலத்தையும் குன்றுகளையும் தேர்ந்தெடுத்து, குன்றை வெட்டிச் சதுப்பை நிரப்பும் வேலையைத் தொடங்க வைத்தார். அது ‘கோவின் மடமை’ என்று பல ஆண்டுகள் பேசப்பட்டது.

இணைப்புப் பேச்சு இவற்றைவிட வேகமாக ஓடியது. ஆகஸ்டில் துங்குவும் லீயும் கொள்கையளவில் உடன்பட்டனர். நவம்பரில் வெளிவந்த வெள்ளை அறிக்கை, கல்வியும் தொழிலாளர் விவகாரமும் சிங்கப்பூரிடமே இருக்கும் என்றது. அதற்கு ஈடாக, கூட்டரசு நாடாளுமன்றத்தில் 15 இடங்கள் மட்டுமே. மக்கள்தொகைக்கு அது குறைவு. நான்காண்டுக்குள் பிரிவினையில் போய் முடிந்த பூசலின் ஒரு வேர் இந்தப் பேரத்தில் இருக்கிறது. ஆட்சியைக் காப்பாற்றிக்கொள்ளும் அவசரத்தில் செய்த ஒப்பந்தம் அது. நிதானமான காலத்தில் இதே நிபந்தனைகளுக்கு லீ இசைந்திருப்பாரா என்பது ஐயமே.

1963 பிப்ரவரியில் லிம் சின் சியோங் உள்ளிட்ட நூற்றுக்கும் மேற்பட்டோர் கைது செய்யப்பட்டனர். அதே ஆண்டு செப்டம்பர் தேர்தலில் மக்கள் செயல் கட்சி 37 இடங்களை வென்றது, பாரிசானுக்கு 13. அந்த வெற்றிக்குக் கைதுகள் காரணமா, கட்டிய வீடுகள் காரணமா என்று விவாதிப்பவர்கள், இரண்டில் ஒன்றை மட்டும் எடுத்துக்கொண்டு மற்றதை மறைக்கக் கூடாது. சிறைக்கதவும் வீட்டுச் சாவியும் ஒரே ஆட்சியின் கையில் இருந்தன.

வீடு கிடைத்த குடும்பங்களின் வாழ்க்கையும் ஒரே நாளில் சீராகிவிடவில்லை. ஓரறை வீட்டுக்கு மாதம் 20 வெள்ளி, ஈரறைக்கு 40, மூவறைக்கு 60 என்பது கழகத்தின் வாடகை. கம்பத்தில் கோழி வளர்த்தும் காய்கறி போட்டும் கைக்கும் வாய்க்குமாகச் சமாளித்தவருக்கு, மாதம் பிறந்தால் தவறாமல் கட்ட வேண்டிய வாடகை புதிய சுமை. அதற்கு மாதம் தவறாத சம்பளம் வேண்டும். மாதம் தவறாத சம்பளத்துக்குத் தொழிற்சாலை வேண்டும். புக்கிட் ஹோ சுவீயில் சாம்பல் மேட்டின் மேல் எழும்பிய அடுக்குமாடிகளில் முதல் குடும்பங்கள் அடுப்பு மூட்டியபோது, ஜூரோங்கில் இன்னும் குன்றை வெட்டிக்கொண்டிருந்தார்கள். அங்கே இரும்பு உருக்காலை இயங்கத் தொடங்க 1963 வரை காத்திருக்க வேண்டியிருந்தது.